காண்பதற்கும் விலை உண்டோ?

நிலத்திற்கு வேலி உண்டு. வீட்டிற்குக் கதவு உண்டு. செல்வத்திற்குப் பெட்டியும் பூட்டும் உண்டு. கண்ணுக்கோ இமையைத் தவிர வேறு அடைப்பு இல்லை. ஒருவன் உண்ட சோற்றை மற்றொருவன் உண்ண இயலாது. ஒருவன் உடுத்திய ஆடையை அதே வேளையில் இன்னொருவன் உடுத்த இயலாது. ஆனால் ஒருவன் காணும் காட்சியை ஆயிரம் பேர் கண்டாலும் அது அணுவளவும் குறைவதில்லை. இவ்வாறு குறையாத ஒன்றை அளந்து விற்கலாமா? விற்கலாம் எனில், விலை கொடுக்க இயலாதவனுக்கு அதில் யாதொரு பங்கும் இல்லையா? பலருடைய அன்பினால் வளர்ந்த ஒன்றைச் சிலர் தம் உடைமையாகக் கொண்டு, அந்தப் பலரின் கண்களுக்கே மறைத்து வைப்பது நீதியாகுமா?

இக்கேள்விகளை ஏட்டளவில் எழுப்பி விடை கூறுவது எளிது. வாழ்வில் நிகழ்ந்த ஒன்றை முன்வைத்து எழுப்பினால்தான் அவற்றின் கூர்மை நம்மைத் தைக்கும். அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் மாநகரில் 2014ஆம் ஆண்டு முதல் ஆறு ஆட்டப் பருவங்கள், மிகப் பல இல்லங்கள் தங்கள் சொந்த அணியாகிய 'டாட்ஜர்ஸ்' பேஸ்பால் அணியின் பருவ ஆட்டங்களைத் தொலைக்காட்சியில் காண இயலாத நிலையில் இருந்தன. போரோ புயலோ அதற்குக் காரணமன்று; விலை பேசியவர்களுக்குள் விலை படியவில்லை, அவ்வளவே. ஓர் அணியின் ஆட்டத்தைப் பார்ப்பது எப்படி என்னும் சிறு கேள்விக்குள் எத்துணைப் பெரிய அறக்கேள்வி ஒளிந்திருக்கிறது என்பதை அவ்வணியின் வரலாறே நமக்குக் காட்டுகிறது.

அன்றாட ஆட்டம்

பேஸ்பால் நம் மண்ணில் வேரூன்றாத விளையாட்டு. எனினும் கிரிக்கெட் அறிந்த நமக்கு அதைப் புரிந்துகொள்வது கடினமன்று. அணிக்கு ஒன்பது பேர். ஆட்டத்திற்கு ஒன்பது இன்னிங்ஸ். ஒவ்வொரு இன்னிங்ஸிலும் ஓர் அணியின் மூவர் ஆட்டமிழந்தால் மட்டை மறு அணியின் கைக்கு மாறும். பந்தை அடித்தவர் சதுரத்தின் நான்கு மூலைகளிலும் உள்ள தளங்களைத் தொட்டுச் சுற்றி வந்தால் ஓர் ஓட்டம்.

இவ்விளையாட்டின் தனித்தன்மை அதன் விதிகளில் இருப்பதைவிட அதன் எண்ணிக்கையில் இருக்கிறது எனலாம். ஏறத்தாழ ஆறு மாதங்கள் நீளும் ஒரு பருவத்தில் ஒவ்வோர் அணியும் 162 ஆட்டங்கள் ஆடுகிறது. அவற்றுள் 81 சொந்த ஊரில். நூறு ஆட்டங்களில் வெல்லும் அணியை மாபெரும் அணி எனப் போற்றுவர். அவ்வணியும் 62 ஆட்டங்களில் தோற்றிருக்கும். பத்து முறை மட்டை பிடித்து மூன்று முறை பந்தை நன்கு அடித்துத் தளம் சேருபவர் சிறந்த வீரர்; அவரும் ஏழு முறை தலைகுனிந்தே திரும்பியிருப்பார். ஆகவே இந்த ஆட்டத்தைப் பார்ப்பது ஆண்டுக்கு ஒருமுறை வரும் திருவிழாவைப் பார்ப்பது போன்றதன்று. அன்றாடம் அடுப்பில் வேகும் உணவைப் போன்றது. இன்று தோற்றவனை நாளையும் காண வேண்டும். நாளை மறுநாளும் காண வேண்டும். அவன் தடுமாறுவதையும் தேறுவதையும் மாதக்கணக்கில் உடனிருந்து பார்க்க வேண்டும்.

பழகாதவர் பந்தை மட்டுமே தொடர்வர். பழகியவரோ பந்து எறியப்படுவதற்கு முன்பே களத்தை நோக்குவர். களத்தடுப்பாளர் ஒருவர் இரண்டடி இடப்புறம் நகர்ந்திருப்பதைக் கண்டு, வரவிருக்கும் பந்து எத்தகையது என ஊகிப்பர். அரங்கில் அமர்ந்து ஒவ்வொரு நிகழ்வையும் பென்சிலால் அட்டையில் குறித்துக்கொள்ளும் வழக்கமும் அங்கு நெடுங்காலமாக உண்டு. வெற்றியை மட்டுமன்றிக் களத்தடுப்பில் நேரும் பிழையையும் பெயரோடு பதிவுசெய்யும் விளையாட்டு அது. இத்தகைய பொறுமையான பார்வை ஒருநாளில் வாய்ப்பதன்று. நாள்தோறும் காணக் கிடைத்தால்தான் அது கைகூடும். காணும் வாய்ப்பை மறுப்பது வெறும் பொழுதுபோக்கை மறுப்பதாகாது. ஒரு பழக்கத்தை, ஓர் உறவை அறுப்பதாகும் என்பது இதனால் விளங்கும்.

கதவின் அடியில் ஓர் இடைவெளி

டாட்ஜர்ஸ் அணியின் தொட்டில் லாஸ் ஏஞ்சல்ஸ் அன்று. நியூயார்க்கின் புரூக்ளின் பகுதி. அங்குத் தெருவில் விரையும் டிராம் வண்டிகளிடமிருந்து மக்கள் ஒதுங்கி ஓடித் தப்புவதைக் குறித்தே, 'ஒதுங்கித் தப்புவோர்' எனப் பொருள்படும் அப்பெயர் அணிக்கு வழங்கலாயிற்று. 1913இல் திறக்கப்பட்ட எபெட்ஸ் ஃபீல்டு என்னும் அதன் அரங்கின் வெளிச்சுவரில் ஓர் இரும்புக் கதவு இருந்தது. அதன் அடிப்பகுதிக்கும் தரைக்கும் நடுவே சிறு இடைவெளி. சீட்டு வாங்கக் காசில்லாத சிறுவர் தெருவில் குப்புறப் படுத்து, அந்த இடைவெளி வழியே ஆட்டம் பார்ப்பர். முழுக் களமும் தெரியாது; ஓடும் கால்களும் உருளும் பந்தும் தெரியும். அவர்களுக்கு அது போதுமானதாயிருந்தது.

எல்லா ஊரிலும் இத்தகைய இடைவெளிகள் இல்லை. பிலடெல்பியா நகரின் ஷைப் பார்க் அரங்கிற்கு எதிரேயிருந்த வீடுகளின் கூரைகளில் மக்கள் ஏறி நின்று ஆட்டம் பார்த்தனர். வீட்டுக்காரர்கள் அதற்குக் கட்டணமும் பெற்றனர். இதைப் பொறுக்காத அணியின் உரிமையாளர்கள் 1935இல் அப்பக்கத்துச் சுவரைக் கூரைகளின் பார்வை மறையும் வண்ணம் மிக உயரமாக எழுப்பினர். வன்மத்தின் சுவர் என்றே மக்கள் அதற்குப் பெயரிட்டனர். கூரையை வாடகைக்கு விட்டவர்மீதும் குறை இல்லாமல் இல்லை; பிறர் உழைப்பைக் கொண்டு தாம் வருவாய் தேடினர் அல்லரோ? ஆயினும், இருபுறமும் காசு கேட்டவர்களின் வழக்கில் உண்மையாகவே இழந்தவர்கள் யாரெனில், பார்க்க மட்டுமே விரும்பியவர்கள்.

வானொலி வந்தபோதும் இதே அச்சம் எழுந்தது. வீட்டிலிருந்தே கேட்கலாம் என்றால் அரங்கிற்கு யார் வருவர்? நியூயார்க்கின் மூன்று அணிகளும் தம் ஆட்டங்களை ஒலிபரப்புவதில்லை என 1934 முதல் ஐந்தாண்டுக்கு உடன்பாடு செய்துகொண்டன. அவ்வுடன்பாட்டைத் தொடர மறுத்து, 1939இல் கதவைத் திறந்தது புரூக்ளின் அணி. அதன் நிருவாகி லாரி மக்ஃபெயில், ரெட் பார்பர் என்னும் வர்ணனையாளரை அழைத்து வந்தார். அதே ஆண்டு ஆகஸ்டு 26ஆம் நாள், பெரும்போட்டிப் பேஸ்பாலின் முதல் தொலைக்காட்சி ஒளிபரப்பும் எபெட்ஸ் ஃபீல்டிலிருந்தே நிகழ்ந்தது. அரங்கு வெறுமையாயிற்றா? இல்லை. 1938இல் ஏறத்தாழ 6 இலட்சத்து 60 ஆயிரமாக இருந்த பார்வையாளர் தொகை, 1939இல் 9 இலட்சத்து 50 ஆயிரத்தைத் தாண்டியது. அணி முன்னிலும் நன்றாக ஆடியதும் இதற்கு ஒரு காரணமே. ஆயினும் கேட்டவர்கள் வராமல் நின்றுவிடவில்லை. கேட்டதனாலேயே காண விரும்பி வந்தவர் பலர். மறைத்தால் விலை ஏறும் என்று எண்ணியவர்களுக்கு, திறந்தால் அன்பு பெருகும் என்பதை அந்த ஆண்டு உணர்த்தியது.

கண்ணால் கண்டும் காதால் கேட்டும்

1957ஆம் ஆண்டுப் பருவம் முடிந்ததும் உரிமையாளர் வால்டர் ஓமாலி அணியை மேற்குக் கடற்கரைக்கு எடுத்துச் சென்றார். புரூக்ளின் மக்களின் கண்ணீர் அதைத் தடுக்கவில்லை. எபெட்ஸ் ஃபீல்டு 1960இல் இடிக்கப்பட்டது. அந்த இரும்புக் கதவும் அதன் அடியிலிருந்த இடைவெளியும் அத்துடன் மறைந்தன.

லாஸ் ஏஞ்சல்ஸில் முதல் நான்கு பருவங்கள் 'கொலிசியம்' என்னும் மாபெரும் அரங்கில் ஆட்டங்கள் நடந்தன. தடகளப் போட்டிகளுக்கென அமைந்த அந்த அரங்கின் பின்வரிசைகளிலிருந்து நோக்கினால் வீரர்கள் எறும்புகளாகத் தெரிந்தனர். அங்கே ஒரு புதுமை நிகழ்ந்தது. மக்கள் சிறிய டிரான்சிஸ்டர் வானொலிகளை அரங்கிற்கே எடுத்து வந்து, தாம் கண்டுகொண்டிருந்த ஆட்டத்தின் வர்ணனையைக் கேட்டுக்கொண்டே பார்த்தனர். அந்தக் குரலுக்குரியவர் வின் ஸ்கல்லி. 1927இல் நியூயார்க்கில் பிறந்து, இயேசு சபையினரின் ஃபோர்தாம் பல்கலைக்கழகத்தில் பயின்றவர். 1950இல் ரெட் பார்பரிடம் துணைவராகச் சேர்ந்து, 2016 வரை 67 பருவங்கள் அவ்வணியின் ஆட்டங்களை வர்ணித்தவர்.

கண்ணெதிரே நடக்கும் ஆட்டத்திற்குக் காதில் ஒரு குரல் எதற்கு? கண் நிகழ்வைக் காணும். அதன் பொருளை எடுத்துரைக்க ஒரு துணை வேண்டும் என்பதே காரணம். மட்டை பிடித்து நிற்பவன் எந்த ஊரினன், எத்தனை காயங்களைத் தாங்கி இங்கு வந்து நிற்கிறான் என்பதை அக்குரல் சொன்னது. எதிரணி வீரனின் கதையையும் அதே பரிவோடு சொன்னது. எறும்பாகத் தெரிந்தவன் அக்குரலால் மனிதனானான்.

ஆங்கிலம் அறியாதவர்க்கும் ஒரு துணை கிடைத்தது. எக்குவடோரில் பிறந்த ஹைமே ஹாரின் 1959 முதல் 2022 வரை 64 பருவங்கள் ஸ்பானிய மொழியில் இவ்வணியின் ஆட்டங்களை வர்ணித்தார். 1981இல் மெக்சிகோவின் சிற்றூர் ஒன்றிலிருந்து வந்த ஃபெர்னாண்டோ வலென்சுவேலா என்னும் இளம் பந்தெறிபவர் தம் முதல் எட்டு ஆட்டங்களையும் வென்றபோது, அந்நகரின் மெக்சிகோ வழி மக்கள் அரங்கை நோக்கித் திரண்டனர். தோட்டங்களிலும் சமையற்கூடங்களிலும் உழைத்த மக்கள், தம்மைப் போன்ற ஒருவன் நடுக்களத்தில் நிற்பதைக் கண்டனர். ஓர் ஊர் தன்னை ஊராக உணர்வது இத்தகைய பொதுக் காட்சிகளால்தான்.

அடுத்தடுத்த இரு நாள்கள்

ஆயினும், ஓர் ஊர் எதைக் கண்டது என்று கேட்கும்போது எதைக் காணாதிருந்தது என்றும் கேட்க வேண்டும். 1959ஆம் ஆண்டு மே மாதத்தின் இரு நாள்கள் இதற்குச் சான்று.

ராய் காம்பனெல்லா புரூக்ளின் அணியின் ஒப்பற்ற பந்துபிடிப்பாளர். கறுப்பின மக்களுக்குப் பெரும்போட்டிகளின் கதவு திறக்கப்பட்ட தொடக்க ஆண்டுகளில் நுழைந்தவர்களுள் ஒருவர். அணி மேற்கே புறப்படவிருந்த நிலையில், 1958 சனவரியில் நேர்ந்த கார் விபத்தில் முதுகுத்தண்டு முறிந்து முடங்கினார். லாஸ் ஏஞ்சல்ஸ் மக்களுக்காக அவர் ஒரு பந்தும் பிடித்ததில்லை. எனினும் 1959 மே 7ஆம் நாள் இரவு, அவரைப் பெருமைப்படுத்த நடந்த காட்சி ஆட்டத்திற்கு 93,103 பேர் கொலிசியத்தில் கூடினர். பழைய தோழர் பீ வீ ரீஸ் சக்கர நாற்காலியைத் தள்ளி வர, அரங்கின் விளக்குகள் அணைக்கப்பட்டன. இருளில் பல்லாயிரவர் தீக்குச்சிகளைக் கொளுத்தி உயர்த்தினர். தங்களுக்காக ஒருபோதும் ஆடியிராத, இனி ஆடவும் இயலாத ஒருவனைக் காண அவர்கள் சீட்டு வாங்கி வந்திருந்தனர்.

மறுநாள் மே 8. டாட்ஜர்ஸின் புதிய அரங்கு எழவிருந்த சாவெஸ் ரவீன் என்னும் குன்றுப் பகுதியில், கடைசியாக எஞ்சியிருந்த குடியிருப்பாளர்களைக் காவலர்கள் வெளியேற்றினர். மெக்சிகோ வழிவந்த நூற்றுக்கணக்கான குடும்பங்கள் வாழ்ந்த இடம் அது. 1950களின் தொடக்கத்தில், ஏழைகளுக்கான பொதுக் குடியிருப்பு கட்டப்போவதாகச் சொல்லி அவர்களை நகராட்சியினர் அகற்றத் தொடங்கினர். பின்னர் அத்திட்டம் கைவிடப்பட்டது. 1958 சூன் மாதம் நடந்த பொது வாக்கெடுப்பின் வழியே அந்நிலத்தை அணிக்கு அளிக்கும் ஒப்பந்தம் உறுதியாயிற்று. இறுதி நாளில் ஒரு பெண்ணைக் காவலர்கள் கைகால்களைப் பற்றித் தூக்கி வெளியே கொணர்ந்ததைத் தொலைக்காட்சிக் கேமராக்கள் பதிவுசெய்தன. நகரம் அதைக் கண்டது. அக்குடும்பத்தாருக்கு வேறிடங்களில் வீடுகள் உண்டு என்ற செய்தி வந்ததும் மக்களின் இரக்கம் வற்றிவிட்டது. அவர்களுக்கு முன்னரே ஓசையின்றி வெளியேறிய நூற்றுக்கணக்கான குடும்பங்களை யார் நினைத்தனர்?

1962 ஏப்ரல் 10ஆம் நாள் அக்குன்றில் அழகிய அரங்கு திறக்கப்பட்டது. இன்றும் அமெரிக்காவின் எழில்மிகு விளையாட்டரங்குகளுள் ஒன்றாக அது போற்றப்படுகிறது. அங்கு அமர்ந்து மாலை வெயிலில் ஆட்டம் பார்ப்பவரின் இன்பத்தைப் பழிப்பது நம் நோக்கமன்று. நமக்கு எளிதாகக் கிடைக்கும் காட்சிக்கு வேறொருவர் தம் வாசற்படியை விலையாகக் கொடுத்திருக்கலாம் என்பதை மறவாதிருப்பதும் பார்வையின் ஒரு பகுதியே. சீட்டில் அச்சிட்டிருக்கும் தொகை காட்சியின் முழு விலையன்று.

வாக்குப் பெட்டியும் வணிகமும்

காட்சியை விற்கும் எண்ணம் நேற்றுப் பிறந்ததன்று. ஓமாலி தொடக்கத்திலிருந்தே தொலைக்காட்சிக்குப் பெரும்பாலும் கதவடைத்தே வைத்தார். 1964 சூலையில், வீட்டிலிருந்தே கட்டணம் செலுத்தி ஆட்டம் பார்க்கும் திட்டம் கலிஃபோர்னியாவில் தொடங்கிற்று. முதலில் காட்டப்பட்டது டாட்ஜர்ஸின் ஆட்டம். சில மாதங்களுக்குள் இவ்வணிகம் ஆகுமா ஆகாதா என்ற கேள்வி மாநில மக்களின் வாக்குக்கே விடப்பட்டது. அவ்வாண்டு நவம்பரில், கட்டணத் தொலைக்காட்சியைத் தடைசெய்யும் 15ஆம் முன்மொழிவு பெரும் வாக்கு வேறுபாட்டில் நிறைவேறியது. 1966இல் மாநிலத்தின் உச்ச நீதிமன்றம், அது பேச்சுரிமைக்கு முரணானது எனச் செல்லாததாக்கிற்று.

இதில் ஒரு நகைமுரண் உண்டு. 'இலவசத் தொலைக்காட்சியைக் காப்போம்' என்ற முழக்கத்தின் பின்னால் முதன்மையாக நின்றவர்கள் திரையரங்கு உரிமையாளர்கள். அதாவது, காட்சிக்குச் சீட்டு விற்றுப் பிழைத்தவர்கள். பொது நன்மையின் பெயரால் பேசுவோர் அனைவரும் அதற்காகவே பேசுகின்றனர் என்பதற்கில்லை. ஆயினும், வாக்களித்த இலட்சக்கணக்கான எளிய மக்களின் உள்ளத்தில் ஒரு நேர்மையான உணர்வு இருந்திருக்க வேண்டும். வீட்டு வரவேற்பறையில் எல்லாருக்கும் பொதுவாக வந்துகொண்டிருந்த ஒன்றன் வாயிலில் உண்டியல் வைப்பதை அவர்கள் விரும்பவில்லை.

இருண்ட ஆறு பருவங்கள்

2013இல் டாட்ஜர்ஸ் அணி டைம் வார்னர் கேபிள் நிறுவனத்துடன் 25 ஆண்டு ஒப்பந்தம் செய்தது. அதன் மதிப்பு 835 கோடி டாலர் எனச் செய்திகள் கூறின. 2014இல் அணிக்கென்றே ஓர் அலைவரிசை தொடங்கிற்று. அதைத் தத்தம் இணைப்புகளில் சேர்க்க ஒவ்வொரு சந்தாதாரருக்கும் மாதந்தோறும் 4 டாலருக்கு மேல் கேட்கப்பட்டதாகத் தெரிகிறது. ஏனைய கேபிள், செயற்கைக்கோள் நிறுவனங்கள் மறுத்தன. நகரின் பத்தில் ஏழு வீடுகளுக்கு ஆட்டம் எட்டவில்லை என அக்காலச் செய்திகள் மதிப்பிட்டன.

2014 சூன் 18ஆம் நாள் கிளேட்டன் கெர்ஷா, எதிரணிக்கு ஒரு 'ஹிட்' கூடக் கொடுக்காமல் பதினைந்து பேரைப் பந்தெறிந்தே வீழ்த்தினார். அவரது நகரின் பெரும்பகுதிக்கு அது செவிவழிச் செய்தியாகவே எட்டியது. ஸ்கல்லியின் கடைசிப் பருவங்களும் இவ்விருளிலேயே கழிந்தன. ஆட்டத்தின் முதல் மூன்று இன்னிங்ஸ்களுக்கு மட்டும் அவர் குரல் வானொலியிலும் ஒலிக்கும். அதன்பின் அது தொலைக்காட்சிக்கு மட்டும் உரியதாகிவிடும். ஒரு தலைமுறையைத் தாலாட்டிய குரல், வேறு கேபிள் இணைப்புடைய முதியவருக்கு நாளொன்றுக்கு மூன்று இன்னிங்ஸ் எனப் பங்கீட்டு அளவில் கிடைத்தது! 2016இல் அவர் ஓய்வுபெற்றபோது, அவருடைய கடைசிச் சில ஆட்டங்கள் மட்டும் இலவச அலைவரிசை ஒன்றில் காட்டப்பட்டன. திறக்க வேண்டும் என்று மனம் வைத்தால் திறக்க முடியும் என்பதற்கு அதுவே சான்றாயிற்று.

பிணக்கு ஒருவாறு தீர்ந்து மற்றொரு பெரிய நிறுவனமும் அலைவரிசையை ஏற்றது 2020 ஏப்ரல் முதல் நாளில். அப்போது பெருந்தொற்றால் களங்கள் வெறிச்சோடிக் கிடந்தன. சூலையில் ஆட்டங்கள் மீண்டும் தொடங்கியபோதோ அரங்கின் வாயில்கள் பார்வையாளருக்குத் திறக்கப்படவில்லை. வீட்டுத் திரை திறந்த ஆண்டில் வாயிற்கதவு மூடியிருந்தது.

இரு தரப்பு நியாயங்கள்

உரிமையாளரைக் குற்றக் கூண்டில் ஏற்றிவிட்டு நாம் கைகழுவ இயலாது. அவர் தரப்பிலும் நியாயம் உண்டு. விளையாட்டு என்பது சிலருடைய உழைப்பு. உழைப்பவன் கூலிக்கு உரியவன். நெடுங்காலம் பேஸ்பால் வீரர்கள் ஒப்பந்த விதியொன்றால் ஓர் அணிக்கே கட்டுண்டு, கொடுத்ததைப் பெற்றுக்கொண்டு ஆடினர். 1966இல் டாட்ஜர்ஸின் இரு பெரும் பந்தெறிபவர்களான சாண்டி கோஃபாக்ஸும் டான் டிரைஸ்டேலும் ஒன்றுசேர்ந்து, நியாயமான ஊதியம் தரும்வரை ஆட மறுத்தனர். அதே அணியின் ஆண்டி மெசர்ஸ்மித் 1975ஆம் ஆண்டு முழுவதும் ஒப்பந்தத்தில் கையொப்பமிடாமலே ஆடினார்; அவ்வாண்டு டிசம்பரில் வெளியான நடுவர் தீர்ப்பு, அவரோடு சேர்த்து வீரர் அனைவரின் விலங்கையும் தளர்த்தியது. பின்னர் வளர்ந்த அவர்களது ஊதியத்தில் ஒளிபரப்புப் பணத்திற்குப் பெரும்பங்கு உண்டு. ஆகவே அந்தப் பணத்தைப் பாவத்தின் பணம் என்று சொல்வதற்கில்லை.

விலையை ஏற்க மறுத்த நிறுவனங்களின் கூற்றிலும் பொருள் இருந்தது. கேட்ட தொகையைக் கொடுத்தால், பேஸ்பாலை ஒருநாளும் பார்க்காத தனித்துவாழும் மூதாட்டியும் தம் மாதச் சந்தாவில் அதற்கெனக் கூடுதலாகச் செலுத்த நேரும். காண விரும்பியவனுக்குக் காட்சி இல்லை. அல்லது காண விரும்பாதவனும் காட்சிக்குப் பணம் கட்ட வேண்டும். இவ்விரண்டில் ஒன்றே வழி என்னும் நிலைக்கு வணிகம் ஊரைக் கொண்டுவந்து நிறுத்திற்று.

இங்கே நாம் ஒன்றை எண்ணிப் பார்க்க வேண்டும். அந்தக் காட்சிக்கு 835 கோடி டாலர் மதிப்பு எங்கிருந்து வந்தது? வீரரின் திறமையிலிருந்து மட்டுமா? வேறு யாரும் பாராத களத்தில் அதே திறமையோடு ஆடினால் அதற்கு அவ்விலை கிடைக்குமா? தெருவில் குப்புறப் படுத்துப் பார்த்த சிறுவன், டிரான்சிஸ்டரைக் காதோடு அணைத்துக் கேட்ட தொழிலாளி, வலென்சுவேலாவைக் காணப் பேரப்பிள்ளைகளை அழைத்து வந்த பாட்டி ஆகியோர் மூன்று தலைமுறைகளாகக் கொட்டிய அன்பே அந்த மதிப்பின் பெரும்பகுதி. அதை உருவாக்கிய கைகளில் பல, ஒப்பந்தத்தில் கையொப்பமிட்ட கைகள் அல்ல. பொதுக் கிணற்றில் ஊரார் நீர் நிறைத்திருக்க, கயிற்றுக்கு மட்டும் உரிமையுடையவன் கிணறே தன்னுடையது என்றால் எவ்வாறு ஒப்புவது?

ஆகவே நம் முடிவை இவ்வாறு கூறலாம். காட்சியை விற்பது தவறன்று. நல்ல இருக்கைக்கு மிகுந்த விலை வைப்பதும் தவறன்று. ஆனால் எளியவன் எட்டிப் பார்க்க ஓர் இடைவெளியும் விடாமல் சுவரை அடைப்பது அநீதி. பருவத்தின் 162 ஆட்டங்களுள் ஒரு பகுதியேனும் பொது அலைவரிசையில் வரட்டும். வானொலி எந்நாளும் திறந்திருக்கட்டும். அரங்கில் குறைந்த விலைச் சீட்டுகள் நிலைக்கட்டும். இது உரிமையாளர் இடும் பிச்சையன்று. ஊருக்கு அவர் திருப்பிச் செலுத்தும் கடன்.

பார்ப்பவரின் கடன்

கடன் ஒருபக்கத்தது மட்டுமன்று. காட்சியை விலைக்கு வாங்கலாம்; பார்வையை வாங்க முடியாது. கட்டணம் செலுத்தி முன்வரிசையில் அமர்ந்தும் ஒன்றையும் காணாதவர் உண்டு. வெற்றி எண்ணிக்கையை மட்டும் கண்டு, மனிதரைக் காணாதிருப்பவரும் உண்டு.

1974 ஏப்ரல் 8ஆம் நாள் அட்லாண்டா நகரில் டாட்ஜர்ஸுக்கு எதிராக ஹாங்க் ஆரன் தமது 715ஆம் ஹோம் ரன்னை அடித்து, பேப் ரூத்தின் நெடுநாளைய சாதனையைக் கடந்தார். வெள்ளையரின் சாதனையை ஒரு கறுப்பர் முறியடிப்பதா என அவருக்குக் கொலை மிரட்டல்கள் வந்துகொண்டிருந்த காலம் அது. வர்ணித்துக்கொண்டிருந்த ஸ்கல்லி, பந்து வேலியைக் கடந்ததும் ஒலிவாங்கியை விட்டு விலகி, மக்களின் ஆரவாரம் மட்டுமே கேட்கும்படி சிறிது நேரம் மௌனம் காத்தார். பின்னரே, அமெரிக்காவின் ஆழ்ந்த தென்பகுதியில் ஒரு கறுப்பின மனிதருக்கு மக்கள் எழுந்து நின்று கைதட்டுகின்றனர் என்பதைக் கேட்பவரின் உள்ளத்தில் பதியும்படி எடுத்துரைத்தார். அன்றைய ஆட்டத்தில் தோற்றது அவருடைய அணி. ஆனால் அவர் கண்டது தம் அணியின் தோல்வியை அன்று. ஒரு நாட்டின் மனம் சிறிதே அசைந்ததை.

பார்ப்பது எப்படி என்னும் கேள்விக்கு இதைவிடச் சிறந்த பாடம் அரிது. தன் அணி தோற்கும் நாளிலும் எழுந்து போகாதிருப்பது. எதிரணியின் அருஞ்செயலையும் கண்ணாரக் காண்பது. களத்தில் பிழை செய்தவனை அப்பிழையாகவே சுருக்கிவிடாமல் நாளையும் காணக் காத்திருப்பது. காலடியில் உள்ள நிலம் யாருடைய முற்றமாயிருந்தது என்பதை மறவாதிருப்பது. இவற்றுக்கு எந்த நிறுவனமும் கட்டணம் விதிக்க இயலாது. எவரும் நமக்காகச் செய்து கொடுக்கவும் இயலாது.

காம்பனெல்லாவுக்காகத் தீக்குச்சி உயர்த்திய கைகளில் சிலவேனும், மறுநாள் தொலைக்காட்சியில் அக்குன்றின் வீடு காலியாவதைப் பார்த்த இல்லங்களில் இருந்திருக்கும். இரு நாளும் அவை ஒரே கண்கள்தாம். முதல் நாள் கண்டவற்றை அடுத்த நாளும் காண அவை பழகியிருந்தனவா என்பதே கேள்வி. காட்சிக்கு வழி திறக்கும் பொறுப்பு உடைமையாளரைச் சாரும். திறந்த வழியே எதை நோக்குகிறோம் என்பதற்கு நாமே பொறுப்பு.